எட்வின் ஜாக்சன்: 14 அணிகளும் 'மாட்டேன்' என்று சொல்லும் உரிமையும்

2019 மே 15 அன்று சான்பிரான்சிஸ்கோவின் ஆரக்கிள் பார்க் மைதானத்தில், டொரான்டோ புளூ ஜேஸ் அணிக்காக எட்வின் ஜாக்சன் பந்தெறிய வந்தார். அந்தக் கணத்தில் அமெரிக்க மேஜர் லீக் பேஸ்பாலில் 14 வெவ்வேறு அணிகளுக்கு ஆடிய முதல் வீரர் ஆனார். அதுவரை 13 அணிகளோடு முன்னிலையில் இருந்த ஒக்டாவியோ டோடெலும் அவரைப் போலவே பிட்சர்தான், அதாவது பந்தெறிபவர்.

இப்படி அணி அணியாக மாறிக்கொண்டே போகிறவர்களை அமெரிக்கர்கள் 'ஜர்னிமேன்' என்று அழைப்பார்கள். அவர்களைப் பற்றி ரசிகர்களிடம் இரண்டு கருத்துகள் உண்டு. எங்கும் தேறாதவர் என்று சிலர் சொல்வார்கள். 14 இடத்தில் கூப்பிட்டிருக்கிறார்கள் என்றால் சரக்கு இருக்கிறது என்று வேறு சிலர் சொல்வார்கள். இரண்டு கருத்துமே அணி மாறியதை அந்த வீரரின் குணமாகவோ திறமையாகவோ பார்க்கின்றன. ஒவ்வொரு முறையும் அவரை மாற்றியது யார் என்ற கேள்வியைக் கேட்டால் கதை வேறு திசையில் போகிறது. ஜாக்சனின் 17 பருவங்களை அந்தக் கேள்வியோடு படிப்பதுதான் இந்தக் கட்டுரையின் நோக்கம்.

யார் எடுத்த முடிவு?

ஜாக்சன் 1983 செப்டம்பர் 9 அன்று அன்றைய மேற்கு ஜெர்மனியின் நாய்-உல்ம் நகரில் பிறந்தார். தந்தை அமெரிக்க ராணுவத்தில் இருந்தார். ஜார்ஜியா மாநிலத்தின் கொலம்பஸில் பள்ளிப் படிப்பை முடித்தவரை 2001ஆம் ஆண்டு டிராஃப்டின் 6ஆவது சுற்றில் லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ் எடுத்தது. டிராஃப்ட் முறையில் அணிகள் வரிசையாக இளைஞர்களைத் தேர்ந்தெடுக்கும். எடுத்த அணியோடு மட்டுமே அந்த இளைஞர் ஒப்பந்தம் பேச முடியும். ஆக, முதல் அணி அவர் தேர்ந்தெடுத்தது இல்லை.

அடுத்து வந்த டாம்பா பே (2006), டெட்ராய்ட் டைகர்ஸ் (2009), அரிசோனா டைமண்ட்பேக்ஸ் (2010), சிகாகோ ஒயிட் சாக்ஸ் (2010), செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் (2011) ஆகிய ஐந்துக்கும் அவர் போனது 'டிரேட்' வழியாக. இரண்டு நிர்வாகங்கள் தொலைபேசியில் பேசி முடித்துவிட்டு வீரருக்குத் தகவல் சொல்லும் முறை அது. கடைசியாக டொரான்டோவுக்குப் போனதும் அப்படியே. அப்போது ஓக்லண்ட் ஏஸ் நிர்வாகம் அவருக்கு ஈடாக வேறு வீரரைக்கூடக் கேட்கவில்லை, பணத்தை வாங்கிக்கொண்டு அனுப்பியது. ஆக, 14 அணிகளில் 7 மற்றவர்கள் எடுத்த முடிவு.

மீதி 7 அணிகளோடு அவரே கையெழுத்திட்டார். ஆனால் அவற்றுள் அட்லாண்டா, மயாமி, சான் டியேகோ, பால்டிமோர், ஓக்லண்ட் ஆகிய ஐந்தும், வேறு இடத்தில் விடுவிக்கப்பட்டோ மவுசு குறைந்தோ இருந்த காலத்தில் கிடைத்த வாய்ப்புகள். கையில் பேரம் பேசும் பலத்தோடு அவர் போய்ச் சேர்ந்தவை இரண்டே: 2012இல் வாஷிங்டன் நேஷனல்ஸ், 2013இல் சிகாகோ கப்ஸ். ஊர் சுற்றுபவர் என்று பெயரெடுத்தவருக்குப் போகும் ஊரை விரும்பித் தேர்ந்தெடுக்கக் கிடைத்த சந்தர்ப்பம் அவ்வளவுதான்.

சட்டம் வளர்ந்த விதம்

இது ஜாக்சனுக்கு மட்டும் நேர்ந்ததில்லை. பேஸ்பாலின் பழைய ஒப்பந்தங்களில் 'ரிசர்வ் கிளாஸ்' என்றொரு விதி இருந்தது. ஒப்பந்தக் காலம் முடிந்தாலும் வீரர் மேல் அணிக்குள்ள பிடி முடியாது. அணி விற்கலாம், மாற்றலாம், விலக்கலாம். வீரருக்கு அந்த அணியோடு ஆடுவது அல்லது ஆட்டத்தை விடுவது என்ற இரண்டு வழிதான். வணிகப் போட்டிச் சட்டம் பேஸ்பாலுக்குப் பொருந்தாது என்று 1922இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு இந்த ஏற்பாட்டுக்குக் காப்பாக நின்றது.

அந்தக் காலத்தில் 'மாட்டேன்' என்று சொல்ல என்ன விலை கொடுக்க வேண்டியிருந்தது என்பதற்கு 1956 டிசம்பர் நல்ல சாட்சி. நவீன மேஜர் லீக்கின் நிறத் தடையை உடைத்த ஜாக்கி ராபின்சனை புரூக்ளின் டாட்ஜர்ஸ் நிர்வாகம், பரம வைரியான நியூயார்க் ஜயன்ட்ஸுக்கு டிரேட் செய்தது. ஈடாகக் கேட்டது டிக் லிட்டில்ஃபீல்ட் என்ற பிட்சரையும் கொஞ்சம் பணத்தையும். ஓய்வு பெற ஏற்கெனவே முடிவெடுத்திருந்த ராபின்சன் ஆட்டத்தை விட்டே விலகினார், டிரேட் ரத்தானது. ராபின்சனைப் பற்றி எழுதியவர்கள் ஏராளம். லிட்டில்ஃபீல்டைப் பற்றி ஒரு வரியோடு நிறுத்திக்கொள்வார்கள். 1950 முதல் 1958 வரை 9 பருவங்களில் 9 அணிகளுக்குப் பந்தெறிந்தவர் அவர். டிரேட் ரத்தானதால் ஜயன்ட்ஸிலேயே இருந்துவிடவில்லை. அடுத்த பருவத்தில் சிகாகோ கப்ஸில் இருந்தார்.

1969 அக்டோபரில் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸின் கர்ட் ஃபிளட் பிலடெல்பியாவுக்கு டிரேட் செய்யப்பட்டார். 12 பருவங்கள் ஒரே அணியில் ஆடியவர், சிறந்த சென்டர் ஃபீல்டர். தன் விருப்பத்தைக் கேட்காமல் வாங்கி விற்கப்படும் உடைமையாக இருக்கத் தனக்குச் சம்மதமில்லை என்று அந்த டிசம்பரில் லீக் ஆணையர் பௌவி கூனுக்குக் கடிதம் எழுதிவிட்டு நீதிமன்றம் போனார். 1970ஆம் ஆண்டு முழுவதும் ஆடவில்லை. 1971இல் வாஷிங்டன் செனட்டர்ஸுக்காக 13 ஆட்டங்கள் ஆடிப் பார்த்துவிட்டு விலகினார். 1972இல் உச்ச நீதிமன்றம் 5-3 என்ற கணக்கில் அவருக்கு எதிராகத் தீர்ப்பளித்தது.

வழக்கு தோற்றாலும் வீரர் சங்கம் தோற்கவில்லை. 1973இல் ஒரு விதியை வாங்கியது: மேஜர் லீக்கில் 10 ஆண்டுகள் ஆடி, அவற்றுள் கடைசி 5 ஆண்டுகளைத் தற்போதைய அணியிலேயே கழித்த வீரரை அவருடைய சம்மதமில்லாமல் டிரேட் செய்யக் கூடாது. '10-5 உரிமை' என்று இதைச் சொல்வார்கள். ஃபிளட்டின் பெயரால் அழைப்பவர்களும் உண்டு. 1975 டிசம்பர் 23 அன்று ஆண்டி மெஸ்ஸர்ஸ்மித், டேவ் மெக்நாலி என்ற இரண்டு பிட்சர்கள் தொடர்பான வழக்கில் நடுவர் பீட்டர் சைட்ஸ் அளித்த தீர்ப்பு ரிசர்வ் கிளாஸை உடைத்தது. அதன் பின் வந்த உடன்பாட்டில், மேஜர் லீக்கில் 6 ஆண்டுச் சேவையை முடித்தவர் ஒப்பந்தம் தீர்ந்ததும் எந்த அணியோடும் பேசலாம் என்றாயிற்று.

விலங்கு கழன்றதுபோலத் தெரியும் இந்தக் கதையில் ஒரு பொடி எழுத்து இருக்கிறது. 6 ஆண்டுகள் முடியும்வரை டிரேட் செய்யும் அதிகாரம் அணியிடமே இருக்கிறது. முடிந்த பிறகும், நட்சத்திரங்கள் தங்கள் ஒப்பந்தத்தில் டிரேட்டைத் தடுக்கும் வாசகத்தைத் தனியாகப் பேசி வாங்கிக்கொள்கிறார்கள். நடுத்தர வீரருக்கு அந்தப் பலம் குறைவு. அவருக்கென்று இருப்பது 10-5 உரிமை. அதற்கு ஒரே இடத்தில் 5 ஆண்டுகள் இருக்க வேண்டும்.

சராசரிக்கு ஏன் இத்தனை கிராக்கி?

ஜாக்சன் 2003 செப்டம்பர் 9 அன்று, தன் 20ஆவது பிறந்தநாளில், மேஜர் லீக்கில் முதல் ஆட்டம் ஆடினார். எதிரே பந்தெறிந்தவர் அரிசோனாவின் ராண்டி ஜான்சன், அந்தத் தலைமுறையின் மிகவும் பயமுறுத்தும் பிட்சர்களில் ஒருவர். டாட்ஜர்ஸ் 4-1 என்று வென்றது. வெற்றி ஜாக்சன் பெயரில் எழுதப்பட்டது. அப்படித் தொடங்கியவர் மேல் எதிர்பார்ப்பு மலையாகக் குவிந்தது. அடுத்த இரண்டு ஆண்டுகளில் அவர் அதை நிறைவேற்றவில்லை. டாட்ஜர்ஸ் அவரை டாம்பா பேக்கு டிரேட் செய்தது.

அவரிடம் இருந்தது மணிக்கு 95 மைல் வேகமும் சாயாத உடம்பும். இல்லாதது கட்டுப்பாடு. வேகம் கண்ணுக்குத் தெரியும். கட்டுப்பாடு கற்றுக்கொடுத்தால் வந்துவிடும் என்று ஒவ்வொரு அணியின் பயிற்சியாளருக்கும் தோன்றும். 'எங்கள் கைக்கு வந்தால் சரியாகிவிடுவான்' என்ற இந்த நம்பிக்கை ஜாக்சனின் சந்தை மதிப்பில் ஒரு பகுதி. இன்னொரு பகுதி வெறும் எண்கணிதம்.

கிரிக்கெட்டில் ஒரு பௌலர் ஓவர் முடிந்ததும் எல்லைக்கோட்டுக்குப் போய் நிற்கலாம், மறுமுனையிலிருந்து வேறொருவர் வீசுவார். பேஸ்பாலில் ஆட்டத்தைத் தொடங்கும் பிட்சர், மாற்றப்படும்வரை எல்லாப் பந்துகளையும் அவரே எறிய வேண்டும். ஒரு முறை வெளியே போனால் அந்த ஆட்டத்தில் திரும்பிப் பந்தெறிய வர முடியாது. ஒரு நாளில் 100 பந்துகளை நெருங்கினால் தோள் தளரும், பிறகு நான்கைந்து நாள் ஓய்வு வேண்டும். ஒரு பருவத்தில் 162 ஆட்டங்கள், ஆட்டத்துக்கு 9 இன்னிங்ஸ். ஏறத்தாழ 1,450 இன்னிங்ஸை யாராவது எறிந்தே தீர வேண்டும். பெரும் திறமைசாலிகளின் முழங்கையும் தோளும் ஆண்டுதோறும் அறுவை சிகிச்சைக்குப் போய்க்கொண்டிருக்கும் ஆட்டத்தில், தன் முறை வரும்போது வந்து நிற்பவருக்கு விலை உண்டு.

ஜாக்சன் வந்து நின்றார். 2007 முதல் 2013 வரை ஏழு பருவங்களில் ஒவ்வொன்றிலும் 30க்கு மேற்பட்ட ஆட்டங்களைத் தொடங்கினார், ஒவ்வொன்றிலும் 160 இன்னிங்ஸைத் தாண்டினார். 2008இல் டாம்பா பே முதன்முறையாக அமெரிக்கன் லீக் பட்டம் வென்றபோது 14 வெற்றிகள் அவருடையவை. 2009இல் டெட்ராய்டில் 214 இன்னிங்ஸ், 3.62 ஈஆர்ஏ, ஆல்-ஸ்டார் அணியில் இடம். ஈஆர்ஏ என்பது, ஃபீல்டர்களின் பிழையால் வந்தவை நீங்கலாக, பிட்சர் 9 இன்னிங்ஸுக்குச் சராசரியாக விட்டுக்கொடுக்கும் ரன். குறைவாக இருந்தால் நல்லது.

ஆல்-ஸ்டார் ஆன ஆண்டின் டிசம்பரிலேயே டெட்ராய்ட் அவரை அனுப்பியது ஏன்? ஒரு வீரரின் சம்பளம் முதல் மூன்று ஆண்டுகளில் ஏறக்குறைய குறைந்தபட்ச அளவில் இருக்கும். பிறகு நடுவர் தீர்ப்பின் வழியே ஏறும். ஆறு ஆண்டு முடிந்தால் சந்தை விலை. ஜாக்சன் அந்த ஏணியில் மேலே போய்க்கொண்டிருந்தார். மூன்று அணிகள், ஏழு வீரர்கள் சம்பந்தப்பட்ட அந்த டிரேடில் கர்டிஸ் கிராண்டர்சன் நியூயார்க் யாங்கீஸுக்குப் போனார். ஜாக்சன் அரிசோனாவுக்குப் போனார். அங்கிருந்து டெட்ராய்டுக்கு வந்தவர்களில் ஒருவர், ஏணியின் கீழ்ப்படியில் இருந்த மேக்ஸ் ஷெர்ஸர். சிறந்த பிட்சருக்கான சை யங் விருதைப் பின்னாளில் மூன்று முறை வாங்கியவர். நல்ல பருவம் ஆடினால் நிலைக்கலாம் என்பது நடுத்தர வீரருக்குப் பொருந்தாது. நல்ல பருவம் அவரை விற்பதற்கு ஏற்ற பொருளாக்குகிறது.

149 பந்துகள்

2010 ஜூன் 25. இடம் புளோரிடாவின் டிராபிகானா ஃபீல்ட். எதிரணி, ஜாக்சனின் பழைய டாம்பா பே. இரண்டாவது இன்னிங்ஸில் அரிசோனாவின் ஆடம் லரோஷ் அடித்த ஹோம் ரன் ஒன்றுதான் அன்றைய ஆட்டத்தின் ஒரே ரன்.

ஜாக்சனின் பந்து எங்கெங்கோ போயிற்று. முதல் மூன்று இன்னிங்ஸில் ஏழு பேருக்கு 'வாக்' கொடுத்தார். நான்கு பந்துகள் அடிக்கும் எல்லைக்கு வெளியே போனால் பேட்ஸ்மேன் இலவசமாக முதல் பேஸுக்குப் போய்விடுவார். மூன்றாவது இன்னிங்ஸில் ஒருவரையும் அவுட்டாக்காமலே மூன்று பேஸ்களும் நிரம்பின. வேறு எந்த நாளாக இருந்தாலும் அங்கேயே ஆட்டம் கைநழுவியிருக்கும். அன்று ஒருவரும் ரன் எடுக்கவில்லை. அதன் பிறகு ஒரே ஒரு வாக். ஆனால் பந்துகளின் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போயிற்று. 100ஐத் தாண்டியது, 120ஐத் தாண்டியது. டாம்பா பே இன்னும் ஒரு ஹிட்கூட அடிக்கவில்லை. ஒரு ஹிட்டும் கொடுக்காமல் ஆட்டத்தை முடிப்பது 'நோ-ஹிட்டர்'. பல பெரிய பிட்சர்களுக்கே வாழ்நாளில் வாய்க்காதது. மேலாளர் ஏ.ஜே. ஹின்ச் அவரை வெளியே எடுக்கவில்லை. ஜேசன் பார்ட்லெட் அடித்த பந்தை ஷார்ட்ஸ்டாப் ஸ்டீபன் டுரூ எடுத்து முதல் பேஸுக்கு எறிய, 149ஆவது பந்தோடு ஆட்டம் முடிந்தது. எட்டு வாக், ஒரு ஹிட்டும் இல்லை.

ஜாக்சன் என்ற பிட்சரின் முழு உருவமும் அந்த ஸ்கோர் அட்டையில் இருக்கிறது: அடிக்க முடியாத பந்து, அடங்காத பந்து, கடைசிவரை தாங்கும் கை. அதற்குக் கிடைத்த பலன் என்ன? ஆறு நாள் கழித்து ஹின்ச் பதவி நீக்கப்பட்டார். ஐந்து வாரம் கழித்து, ஜூலை 30 அன்று, கடைசி இடத்தில் கிடந்த அரிசோனா நிர்வாகம் ஜாக்சனை சிகாகோ ஒயிட் சாக்ஸுக்கு டிரேட் செய்தது. ஈடாக வந்த இளம் பிட்சர் டேனியல் ஹட்சன், 2019இல் வாஷிங்டனுக்காக, மேஜர் லீக்கின் இறுதித் தொடரான உலகத் தொடரின் கடைசி அவுட்டை எடுத்தவர். நிர்வாகத்தின் பார்வையில் பிசகு எதுவும் இல்லை. நோ-ஹிட்டர் நினைவில் நிற்கும். கணக்குப் புத்தகத்தில் நிற்காது.

ஒரே நாளில் இரண்டு அணி

2011 ஜூலை 27 அன்று ஒயிட் சாக்ஸ் அவரை டொரான்டோவுக்கு அனுப்பியது. அதே நாளில் டொரான்டோ அவரை செயின்ட் லூயிஸுக்கு அனுப்பியது. காகிதத்தில் சில மணி நேரம் டொரான்டோ வீரராக இருந்தவருக்கு, அந்த ஊர்ச் சட்டையைப் போட எட்டு ஆண்டுகள் ஆயின.

செயின்ட் லூயிஸ் அந்த ஆண்டு உலகத் தொடரை வென்றது. நான்காவது ஆட்டத்தைத் தொடங்கியவர் ஜாக்சன். ஏழு வாக் கொடுத்தும் ஆறாவது இன்னிங்ஸ்வரை ஒரே ரன்னோடு அணியைத் தாங்கி வைத்திருந்தார். இரண்டு பேர் பேஸில் இருக்கும்போது மாற்றப்பட்டார். அடுத்து வந்தவரின் முதல் பந்தை டெக்சாஸின் மைக் நாப்போலி ஹோம் ரன் அடித்தார். பேஸில் நின்ற அந்த இரண்டு பேரின் ரன்னும் விதிப்படி ஜாக்சன் கணக்கில் ஏறியது. ஆட்டம் 4-0 என்று போனாலும் தொடர் கைக்கு வந்தது. அவருக்கு உலகத் தொடர் மோதிரமும் கிடைத்தது.

அந்தக் குளிர்காலத்தில்தான் ஆறு ஆண்டுச் சேவை முடிந்து முதன்முறையாகச் சந்தைக்கு வந்தார். அதற்குள் ஆறு அணிகளின் சட்டையைப் போட்டாகிவிட்டது.

விடுவிக்கப்பட்டவரின் விலை

வாஷிங்டன் ஓராண்டுக்கு 1.1 கோடி டாலர் கொடுத்தது. அடுத்து சிகாகோ கப்ஸ் நான்கு ஆண்டுகளுக்கு 5.2 கோடி டாலர் கொடுத்தது. நிலைத்த வாழ்க்கை ஒருவழியாகக் கண்ணில் தெரிந்தது. 2013இல் 8 வெற்றி, 18 தோல்வி. 2014இல் 6 வெற்றி, 15 தோல்வி, ஈஆர்ஏ 6.33. 2015 ஜூலையில் கப்ஸ் அவரை விடுவித்தது.

இங்கே பேஸ்பால் ஒப்பந்தத்தின் ஒரு வினோதம் வேலை செய்கிறது. மேஜர் லீக் ஒப்பந்தத்தின் பணம் உத்தரவாதமானது. விடுவித்தாலும் பழைய அணி கொடுத்தே ஆக வேண்டும். புதிய அணி குறைந்தபட்சச் சம்பளம் மட்டும் கொடுத்தால் போதும், அதுவும் பழைய அணியின் பாக்கியில் கழிக்கப்படும். 2016இல் அந்தக் குறைந்தபட்சம் 5,07,500 டாலர். அதாவது, அனுபவமுள்ள ஒரு பிட்சர் ஏறக்குறைய இலவசமாகக் கிடைக்கிறார். அட்லாண்டா எடுத்தது, மயாமி எடுத்தது, சான் டியேகோ எடுத்தது. 108 ஆண்டு வறட்சியை முறித்து கப்ஸ் உலகத் தொடரை வென்ற 2016இல், அந்த அணியின் பணத்தில் பெரும்பகுதி சம்பளம் வாங்கிக்கொண்டு ஜாக்சன் வேறு இரண்டு ஊர்களில் பந்தெறிந்துகொண்டிருந்தார். பணம் நிலைத்தது, இடம் நிலைக்கவில்லை. அணிகளின் எண்ணிக்கை விரைவாக ஏறியதற்கு இந்த மலிவும் ஒரு காரணம்.

கப்ஸ் ஒப்பந்தம் தீர்ந்தபின், மேஜர் லீக்குக்குக் கீழ்ப்படியான மைனர் லீக் ஒப்பந்தங்கள். நார்ஃபோக், சிரக்யூஸ், நாஷ்வில் போன்ற ஊர்களில் ஆடிக்கொண்டு, மேலே யாருக்காவது காயம் பட்டால் அழைப்பு வரும் என்று காத்திருக்கும் வாழ்க்கை. 2018இல் ஓக்லண்டின் பிட்சர்கள் வரிசையாகக் காயப்பட, ஜூன் மாதம் அழைப்பு வந்தது. 17 ஆட்டங்களைத் தொடங்கி 6 வெற்றி, 3 தோல்வி, 3.33 ஈஆர்ஏ. ஓக்லண்ட் 97 வெற்றிகளோடு பிளே-ஆஃபுக்குப் போனது. 34 வயதில், யாரும் எதிர்பாராத நேரத்தில், ஒரு நல்ல அணியை அவர் தூக்கி நிறுத்தினார். அதற்கடுத்த ஆண்டு டொரான்டோவிலும் மீண்டும் டெட்ராய்டிலுமாக 3 வெற்றி, 10 தோல்வி, 9.58 ஈஆர்ஏ. 2021இல் டோக்கியோ ஒலிம்பிக்கில் வெள்ளி வென்ற அமெரிக்க அணியில் இருந்துவிட்டு, அந்தச் செப்டம்பரில் ஓய்வை அறிவித்தார்.

மொத்தக் கணக்கு: 107 வெற்றி, 133 தோல்வி, 4.78 ஈஆர்ஏ. 14 அணிகள் என்ற சாதனையை 2025 ஜூலையில் கேன்சஸ் சிட்டி ராயல்ஸுக்காக ஆடி ரிச் ஹில் சமன் செய்தார். அப்போது அவருக்கு வயது 45.

உரிமை யாருக்கு?

ஜாக்சன் சுரண்டப்பட்ட ஏழை இல்லை. கோடிகளில் சம்பாதித்தார், மோதிரம் வாங்கினார், நோ-ஹிட்டர் எறிந்தார். வருமானத்தைப் பொறுத்தவரை லிட்டில்ஃபீல்டின் காலத்திலிருந்து ஆட்டம் வெகுதூரம் வந்துவிட்டது. ஆனால் தன் இடத்தைத் தீர்மானிக்கும் அதிகாரத்தில் அவ்வளவு தூரம் வரவில்லை.

10-5 உரிமையை மறுபடி பாருங்கள். அதன் அளவுகோல் ஃபிளட்டின் வாழ்க்கைக்கே வெட்டித் தைத்ததுபோல இருக்கிறது: 12 பருவம் ஓரிடத்தில் வேரூன்றியவரைப் பிடுங்கக் கூடாது. நியாயம்தான். ஆனால் ஓர் அணி ஒருவரை ஐந்து ஆண்டு வைத்துக்கொள்கிறது என்றால், அவரை அனுப்ப அதற்கு ஏற்கெனவே மனமில்லை என்று பொருள். அப்படிப்பட்டவருக்குப் பாதுகாப்பு கிடைக்கிறது. மேஜர் லீக்கில் ஜாக்சன் எந்த அணிக்கும் மூன்று பருவத்துக்கு மேல் ஆடவில்லை. 10 ஆண்டுச் சேவையை அவர் எப்போதோ கடந்துவிட்டார். 2019இல் டொரான்டோ அவரைப் பணம் கொடுத்து வாங்கியபோதும் 'மாட்டேன்' என்று சொல்லும் உரிமை அவரிடம் இல்லை. ஒவ்வொரு டிரேடும் அந்த ஐந்தாண்டுக் கடிகாரத்தைப் பூஜ்யத்துக்குத் திருப்பிவிடுகிறது. அதிகமாக மாற்றப்படுகிறவரிடமிருந்துதான், மாற்றப்பட்ட காரணத்தாலேயே, அந்த உரிமை விலகி விலகிப் போகிறது.

இதைச் சரிசெய்யப் பெரிய புரட்சி வேண்டாம். ஓரிடத்தில் ஐந்து ஆண்டு என்ற நிபந்தனையை எடுத்துவிட்டு, 10 ஆண்டுச் சேவையை மட்டும் அளவாக வைத்தாலே போதும். அணிகள் எதிர்க்கும், நடுத்தர வீரர்களைத் தாராளமாகப் புழங்கவிடும் வசதியில்தான் ஜூலை மாத டிரேட் சந்தையே நடக்கிறது. சங்கத்திலும் நட்சத்திரங்களின் குரலே உரக்கக் கேட்கும், அவர்களுக்கு இந்தத் திருத்தம் தேவைப்படாது. ஆகவே அது உடனே நடக்கும் என்று எதிர்பார்க்க முடியாது. அதுவரை, 14 அணிகள் என்ற எண்ணை ஒருவரின் நிலையாமைக்கு அடையாளமாகப் படிப்பதையாவது நாம் நிறுத்தலாம். அதில் பாதி, அவரைக் கேட்காமலே போட்ட கணக்கு.